லோங் சுவாமியாருக்கு, நூலக வாசலிலிருந்து



யாழ்ப்பாணப் பொதுசன நூலக வளவில் நிற்கும் உங்கள் சிலையை எத்தனையோ தரம் கடந்துபோயிருக்கிறேன். கையில் திருப்பிக் கொடுக்கவேண்டிய புத்தகம் இருக்கும், தவணை பிந்தியிருக்கும், மழை வரப்பார்க்கும். நின்று பார்த்ததில்லை. உங்களை எனக்கு அப்பாவின் வாயிலிருந்துதான் தெரியும். 1936 முதல் 1954 வரை நீங்கள் அதிபராக இருந்த சம்பத்திரிசியார் கல்லூரியில் படித்தவர் அவர். உங்கள் பெயரைச் சொல்லும்போது எண்பது வயதிலும் அவருக்கு முதுகு நிமிரும். ஆனால் நீங்கள் எந்த நாட்டவர் என்று அவர் சொன்னதில்லை, நானும் கேட்டதில்லை. வெள்ளைக்காரர் என்றால் இங்கிலாந்துக்காரர். எங்கள் வீட்டுக் கணக்கு அவ்வளவுதான்.

அந்தக் கணக்கைத் திருத்தியவள் என் பெறாமகள். டப்ளினில் தாதியாக வேலை செய்கிறாள். போன வருடம் நல்லூர்த் தேருக்கு வந்தபோது பெட்டியைத் திறந்து ஐந்தாறு புத்தகங்களை எடுத்து வைத்தாள். எல்லாம் அயர்லாந்தைப் பற்றியவை. "பெரியம்மா, உங்கட லோங் பாதரும் ஐரிஷ்காரர்தானே, வாசிச்சுப் பாருங்கோ" என்றாள். வாசித்தேன். வாசித்து முடித்த பிறகுதான் உங்களுக்கு நன்றி சொல்ல எனக்குச் சொல் வந்தது.

முதலில் எடுத்தது ஜோன் மில்லிங்டன் சிங் எழுதிய 'தி அரன் ஐலண்ட்ஸ்'. 1898 தொடக்கம் சில கோடைகளை அரன் என்ற அந்த மூன்று ஐரிஷ் தீவுகளில் கழித்து, 1907இல் அவர் வெளியிட்ட புத்தகம். பத்துப் பக்கம் போகமுன்னமே நான் எங்கள் நெடுந்தீவில் நின்றேன், சுவாமி. சுண்ணாம்புக்கல் தரை. ஆறில்லை. காற்றை மறிக்க, சாந்து பூசாமல் கல்லின்மேல் கல் வைத்துக் கட்டிய வேலிகள். அங்கே சுண்ணக்கல், நெடுந்தீவில் முருகைக்கல். அடுக்கும் கை மட்டும் ஒன்றுதான். வெறும் பாறையின்மேல் கடல்மணலையும் கடற்பாசியையும் சுமந்துவந்து கொட்டி, அதையே மண்ணாக்கி உருளைக்கிழங்கு நடுகிறார்களாம். கிணற்றுத் தண்ணீரை நம்பிச் செம்மண்ணில் வெங்காயமும் புகையிலையும் வைக்கிற எங்கள் சனத்துக்கு அந்தப் பாடு விளங்கும். ஒரு குறையையும் சொல்லவேண்டும். சிங் அந்தத் தீவாரை மிகவும் நேசித்தார். நேசத்தின் மிகுதியில் அவர்களைக் காலம் தொடாத மனிதர்களாகவும் ஆக்கிவிட்டார். இன்று நெடுந்தீவுக்குக் குதிரைகளைப் படம்பிடிக்க வருகிறவர்களும் அதைத்தான் செய்கிறார்கள். அங்கே பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் படகுக்குக் காத்திருக்கும் தாயைப் படத்தில் யாரும் எடுப்பதில்லை.

அடுத்தது பிரையன் பிரீல் எழுதிய 'ட்ரான்ஸ்லேஷன்ஸ்' என்ற நாடகம். 1980இல் டெரி நகரில் முதலில் மேடையேறியது. 1833இல் ஆங்கிலேயச் சிப்பாய்கள் வரைபடம் போட வந்து, ஐரிஷ் ஊர்ப்பெயர்களை ஒவ்வொன்றாக ஆங்கிலத்துக்கு மாற்றுகிறார்கள், கதை அதுதான். அதை வாசித்த இரவு நான் எங்கள் தீவுகளை எண்ணிப் பார்த்தேன். ஒல்லாந்தர் காரைதீவை அம்ஸ்டர்டாம் என்றார்கள், வேலணையை லெய்டன் என்றார்கள், புங்குடுதீவை மிடில்பேர்க் என்றார்கள். எங்கள் வாயில் ஒன்றும் ஒட்டவில்லை. நெடுந்தீவுக்கு வைத்த டெல்ஃப்ட் மட்டும் இங்கிலீசுக் கடதாசிகளில் இன்னும் கிடக்கிறது. எங்கள் பெயர்களும் எங்கள் பேச்சும் தப்பின. உங்கள் சனத்தில் பெரும்பாலோர் பேச்சையே இழந்தார்கள். நீங்கள் எங்களுக்குக் கற்றுத்தந்த ஆங்கிலம் உங்கள் முன்னோர்மேல் ஏறி நின்ற மொழி என்பது அப்பாவுக்குத் தெரிந்திருக்குமா? எனக்கு இந்த வயதில்தான் தெரிந்தது.

டெர்வ்லா மேர்பியை எங்கள் ஊர்ப் பெண்கள் எல்லோரும் வாசிக்கவேண்டும் என்று ஆசைப்படுகிறேன். 1963இல் அயர்லாந்திலிருந்து சைக்கிளில் வெளிக்கிட்டு இந்தியா வரை வந்த மனுசி. கலவரம் மூண்டிருந்த வட அயர்லாந்துக்குள்ளும் சைக்கிளில் போய், இரண்டு பக்கத்து வீடுகளிலும் தேநீர் குடித்து, 1978இல் 'எ பிளேஸ் அபார்ட்' எழுதினார். தொண்ணூறுகளில் பெற்றோல் தடைக்குள் நாங்களும் சைக்கிளில்தான் சீவித்தோம். நோயாளியையும் விறகையும் கல்யாணப் பொம்பிளையையும் அதிலேயே ஏற்றினோம், இரவில் ஜாம் போத்தல் விளக்கில் படித்தோம். அதை அவரைப்போல எழுதிவைத்தவர்கள் எங்களில் குறைவு.

'சே நத்திங்' என்ற புத்தகத்தை இரண்டு தரம் மூடிவைத்தேன். 1972இல் பெல்பாஸ்டில் பத்துப் பிள்ளைகளின் தாய் ஒருத்தியை வீட்டிலிருந்து கூட்டிக்கொண்டு போனார்கள். எலும்பு கிடைத்தது 2003இல், ஒரு கடற்கரையில். 2017இலிருந்து கிளிநொச்சியில் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளின் படத்தோடு தெருவோரம் குந்தியிருக்கும் தாய்மாரின் முகங்கள் பக்கத்துக்குப் பக்கம் வந்தன. இதற்கு மேல் அதைப்பற்றி எழுத எனக்கு ஏலாது.

இனி நெருப்பைப் பற்றி. 1922 யூன் 30ஆம் திகதி, உள்நாட்டுப் போரின் தொடக்கத்தில், டப்ளினின் 'ஃபோர் கோர்ட்ஸ்' கட்டடத்தோடு இருந்த ஆவணக் காப்பகம் எரிந்தது. ஏழு நூற்றாண்டுக் கடதாசிகள். கருகிய தாள்கள் நகரத்தின்மேல் பறந்து விழுந்தனவாம். அந்த வரியில் என் கண் நின்றுவிட்டது. 1981 மே 31 இரவு எங்கள் நூலகம் எரிந்தபோது நான் பள்ளிக்கூடப் பிள்ளை. 97,000 புத்தகங்கள், ஏடுகளோடு சேர்த்து. அந்த நெருப்பைப் பார்த்த அதிர்ச்சியில் தமிழறிஞர் தாவீது அடிகள் உயிர்விட்டார்.

டப்ளின் நெருப்பு உங்கள் நாட்டவர் மறக்காத நெருப்பு. அந்த நாட்டிலிருந்து வந்த ஒருவர் எங்கள் நூலகத்துக்காக ஓடித்திரிந்ததை நான் இனித் தற்செயல் என்று நினைக்கமாட்டேன். 1933இல் செல்லப்பா என்பவர் தன் வீட்டில் தொடங்கியது, 1934 ஓகஸ்டில் ஆஸ்பத்திரி வீதியில் ஒரு வாடகை அறையில் 844 புத்தகங்களோடு வாசிகசாலையானது. அதற்கு இவ்வளவு பெரிய கட்டடம் வேண்டும் என்று கனவு கண்டவர்களில் நீங்கள் முன்னுக்கு நின்றீர்கள். கார்னிவல் நடத்திக் காசு சேர்த்தார்கள். சென்னையிலிருந்து கட்டடக் கலைஞர் நரசிம்மன் வரைபடம் போட்டார், நூலக அறிஞர் ரங்கநாதன் ஆலோசனை சொன்னார். 1959இல் கதவு திறந்தது. சைவப் பிள்ளை, வேதப் பிள்ளை, முஸ்லிம் பிள்ளை என்று கேட்காமல் எல்லோரும் உள்ளே போகலாம் என்ற அந்தக் கதவுக்கு, சுவாமி, மிகப் பிந்திய என் நன்றி. அதன் வழியாகத்தான் நான் வாசிக்கிறவள் ஆனேன்.

இன்னொரு செய்தியும் சொல்லவேண்டும். எரிந்த காப்பகத்தை, நூறு வருடம் கழித்து, 2022இல் உங்கள் நாட்டவர் இணையத்தில் மீண்டும் கட்டியிருக்கிறார்கள். உலகமெங்கும் கிடந்த பிரதிகளைத் தேடிப் பொருத்தி, ஒவ்வொரு அறையாக. எங்கள் பெடியங்கள் அதற்கு முன்னமே, 2005இல், 'நூலகம்' என்று பெயர் வைத்து ஈழத்துப் புத்தகங்களை ஸ்கான் பண்ணத் தொடங்கிவிட்டார்கள். பழைய பாடசாலை மலர்களையும் கல்வெட்டுப் புத்தகங்களையும்கூட விடவில்லை. அப்பாவின் கையெழுத்துள்ள ஒரு மலரை நான் அதில்தான் கண்டுபிடித்தேன்.

போன மாதம் குறிகட்டுவானில் படகேறி, சிங்கின் புத்தகத்தோடு நெடுந்தீவுக்குப் போனேன். ஒரு வளவின் மூலையில், மாடு தள்ளிவிட்ட வேலியை ஒரு அம்மா திருப்பி அடுக்கிக்கொண்டிருந்தா. ஒரு கல்லை வைப்பா, தள்ளிப் பார்ப்பா, ஆடினால் எடுத்து வேறு பக்கம் திருப்பி வைப்பா. நானும் இரண்டு கல் எடுத்துக் கொடுத்தேன். பிறகு பெறாமகள் அனுப்பிய படத்தைத் தொலைபேசியில் காட்டினேன்: அரன் தீவுகளில் ஒன்றான இனிஷ்மோர், சாம்பல்நிறக் கல்வேலிகள், பின்னால் அத்திலாந்திக் கடல். கண்ணுக்குக் கிட்டக் கொண்டுபோய் நெடுநேரம் பார்த்தா.

"அடுக்கு நல்லாய்த்தான் இருக்கு" என்றா. "இது ஆற்றை வளவு பிள்ளை?"

உங்கள் ஆக்களின் வளவு என்று சொன்னேன், சுவாமி.


உங்கள் நூலகத்தின் வாசகி ஒருத்தி,
யாழ்ப்பாணம்.