பழவேற்காடும் ஒரு மன்னிப்பும்

பழவேற்காடு என்றதும் பலருக்கு ஞாபகம் வருவது பூநாரையும் இறாலும்தான். ஏரியைச் சுற்றியுள்ள மீனவக் குப்பங்களைப் பார்க்க வருபவர்கள், போகிற போக்கில் டச்சுக் கல்லறைத் தோட்டத்தையும் எட்டிப் பார்ப்பார்கள். வாசலில் எலும்புக்கூடு சிற்பங்கள் நிற்கும். உள்ளே டச்சுக்காரர்களின் பெயர்கள் கல்லில் அழகாகச் செதுக்கப்பட்டிருக்கும்.

அங்கே இல்லாத பெயர்கள்தான் அதிகம். 1613-ல் கெல்டிரியா கோட்டை கட்டிய டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி இங்கிருந்து துணி மட்டும் ஏற்றுமதி செய்யவில்லை. பஞ்சத்திலும் போரிலும் விலைபோன மனிதர்களையும் ஆயிரக்கணக்கில் கப்பலேற்றி, இன்றைய ஜகார்த்தாவான பத்தாவியாவுக்கு அனுப்பியது. அவர்களுக்கு ஏது கல்லறை?

இந்தப் பழங்கதையை மறுபடி கிளறியது எங்கேயோ நடந்த ஒரு கொலை. 2020 மே 25 அன்று அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகரில் ஜார்ஜ் ஃபிளாய்டு என்ற கறுப்பினத்தவர், போலீஸ்காரர் ஒருவரின் முழங்காலுக்கு அடியில் மூச்சுத் திணறி இறந்தார். நகரம் பற்றி எரிந்தது. போராட்டம் நெதர்லாந்துக்கும் பரவியது. ஹோர்ன் என்ற ஊரில், கம்பெனியின் கவர்னர் ஜெனரலாக இருந்த கூன் என்பவரின் சிலையை எதிர்த்து மக்கள் திரண்டார்கள். அரசு அமைத்த குழு, மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று 2021-ல் பரிந்துரைத்தது. 2022 டிசம்பர் 19 அன்று பிரதமர் மார்க் ருட்டே மன்னிப்புக் கேட்டார். ஆசியாவில் கம்பெனியின் ஆளுகையில் விற்கப்பட்டவர்கள் 6,60,000 முதல் 10 லட்சத்துக்கும் மேல் என்று அந்த உரையில் சொன்னார். பழவேற்காட்டில் கப்பலேறியவர்களும் அதில் அடக்கம்.

கலவரத்தில் எரிந்த கடைகளை மறுபடி கட்டிவிடலாம். மூடி வைத்திருந்த பழைய கணக்கு ஒருமுறை வெளியே வந்துவிட்டால் திரும்ப மூட முடியாது. நிலைத்து நிற்பது அதுதான்.

ஆனால் நண்பர்களே, டச்சுக்காரனை மட்டும் திட்டிவிட்டு எழுந்து போக முடியாது. அவனுக்கு ஆள் பிடித்துக் கொடுத்த தரகர்களில் உள்ளூர்க்காரர்களும் உண்டு. கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்தது 1976-ல். அதற்குப் பிறகும் இதே திருவள்ளூர் மாவட்டத்தில், முன்பணக் கடனுக்காக அரிசி ஆலைகளிலும் செங்கல் சூளைகளிலும் அடைபட்டுக் கிடந்த இருளர் குடும்பங்களை அதிகாரிகள் மீட்டிருக்கிறார்கள். பழவேற்காட்டுத் தண்ணீரில் கையால் தடவி இறால் பிடிப்பதும் அதே இருளர்கள்தான்.

நெதர்லாந்து மன்னிப்புக் கேட்டுவிட்டது. இங்கே யார் யாரிடம் கேட்பது?