73 பெண்களுக்கு இரண்டு அறைகள்

முப்பது ஆண்டுகளாகப் பாராளுமன்றச் செய்திகளோடு பழகிய என்னை, 2025 டிசெம்பரில் டோக்கியோவிலிருந்து வந்த ஒரு செய்தி நெடுநேரம் சிந்திக்க வைத்தது. ஜப்பானியப் பாராளுமன்றக் கீழ்ச்சபையின் பெண் உறுப்பினர்கள் ஏறக்குறைய 60 பேர், கூடுதல் மலசலகூடங்கள் கேட்டு மனுக் கொடுத்தார்கள். நாட்டின் முதல் பெண் பிரதமரான சனே தகாய்ச்சியும் அதில் ஒப்பமிட்டிருந்தார்.

2024 தேர்தலில் அச்சபைக்குத் தெரிவான பெண்கள் 73 பேர். சபாமண்டபத்துக்கு அருகே அவர்களுக்கென இருந்ததோ இரண்டே அறைகள் கொண்ட ஒரு மலசலகூடம். கட்டிடம் நிறைவுற்றது 1936இல். பெண்கள் வாக்குரிமை பெற்றது 1945இல். கட்டியவர்களின் மனக்கண்ணில் பெண் உறுப்பினர் என்றொருவர் இருக்கவில்லை.

அமெரிக்கக் காங்கிரசின் முதல் பெண் உறுப்பினர் ஜெனற் ராங்கின் 1917இல் பதவியேற்றார். பிரதிநிதிகள் சபை மண்டபத்தை ஒட்டிப் பெண் உறுப்பினர்களுக்கு மலசலகூடம் அமைந்தது 2011இல். இடையில் 94 ஆண்டுகள்!

இது சில்லறை விவகாரமென்று சிலர் நகைக்கக்கூடும். வாக்கெடுப்பு மணி ஒலித்ததும் உறுப்பினர்கள் விரைந்தோடி வருவதைப் பத்திரிகையாளர் கலரியிலிருந்து பலமுறை கண்டவன் நான். அந்தச் சில நிமிடங்களில் தொலைவில் நிற்பவரின் வாக்கு எண்ணப்படாமலே போகலாம்.

இலங்கையின் உள்ளூராட்சி சபைகளில் பெண்களுக்கான 25 வீத ஒதுக்கீடு 2018 தேர்தலில் நடைமுறைக்கு வந்தது. ஆசனம் ஒதுக்கியவர்கள் அறையும் ஒதுக்கினார்களா என்று யாராவது ஒருமுறை போய்ப் பார்ப்பது நல்லது.