கோச்சிப் பாதையால் நடந்துபோன பொடியள்

கோடைகாலச் சாகசப் படம் ஒன்று எடுக்க வேண்டுமென்றால் முதலில் பள்ளிக்கூடத்தைப் பூட்ட வேண்டும். பிறகு பெரியாக்களைப் பராக்குப் பார்க்க விட வேண்டும். மிச்சத்தைப் பிள்ளையள் பார்த்துக்கொள்வினம். ஹொலிவூட்டிலும் சரி, ஜப்பானிலும் சரி, இந்த இரண்டு காரியமும் நடந்தால்தான் கதை படலையைத் தாண்டும். எங்கட ஓகஸ்ட் லீவில் முதலாவது நடக்கும், இரண்டாவது ஒருநாளும் நடந்ததில்லை. சோளகம் புழுதியை அள்ளி அடிக்கும், நல்லூர்த் திருவிழா நடக்கும், காலையில் ஒரு ரியூசன், பின்னேரம் இன்னொரு ரியூசன். இடையில் சும்மா சைக்கிளை எடுத்தாலும், "எங்க போறியள், ஆரோட போறியள், எத்தினை மணிக்கு வருவியள்" என்ற விசாரணை.

போன லீவில் நாங்கள் ஐந்து பேர் சேர்ந்து ஒரு பட்டியல் போட்டோம். கதை கோடையில் நடக்க வேண்டும், சாகசம் இருக்க வேண்டும், விருது மேடைப் பக்கம் பேர் அடிபட்டிருக்க வேண்டும். எங்களில் ஒருத்தியின் வீட்டு விறாந்தையில் மடிக்கணினியை வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தோம். அதில் மூன்றைப் பற்றி இப்பவும் கதைக்கிறோம். உண்மையைச் சொன்னால் இரண்டைப் பற்றி.

மூன்றாவதை முதலில் முடித்துவிடுகிறோம். 'ஜோஸ்', 1975. ஸ்டீவன் ஸ்பீல்பேர்க் இருபதுகளில் எடுத்த படம். படத்தொகுப்பு, இசை, ஒலி என்று மூன்று ஒஸ்கார். இயந்திரச் சுறா கடல் தண்ணியில் வேலை செய்யாமல் அடிக்கடி பழுதாக, சுறாவைக் காட்டாமலே பயப்படுத்த வேண்டிய கட்டாயம் வந்தது. படத்தில் ஒரு மணித்தியாலத்துக்கு மேல் அதை நாங்கள் ஒழுங்காகக் காண்பதேயில்லை. ஆனால் எங்களுக்கு எரிச்சல் வந்தது சுறாவில் இல்லை, அந்த ஊர் மேயரில். கடலில் ஆள் செத்திருக்கிறது, ஆனாலும் கோடை வியாபாரம் போய்விடும் என்பதற்காகக் கடற்கரையைப் பூட்ட மாட்டேன் என்று நிற்கிறார். அந்த மேயருக்கு விளக்கவுரை தேவையில்லை. எந்த நாட்டு அரசியலிலும் ஆள் இருக்கும்.

'ஸ்பிரிட்டட் அவே' அப்படிச் சுருக்கமாக முடியாது. ஹயாவோ மியாசாகியின் இந்தப் படம் 2001 கோடையில் ஜப்பானில் வெளிவந்து, 2002இல் பெர்லினில் தங்கக் கரடியும், 2003இல் ஒஸ்காரும் எடுத்தது. பெர்லினில் அந்த விருதை 'பிளடி சண்டே' என்ற படத்தோடு பகிர்ந்துகொண்டது. 1972இல் வட அயர்லாந்தின் டெரியில் ஊர்வலம் போன சனத்தைப் பிரித்தானியப் படையினர் சுட்டதைப் பற்றிய படம் அது. இரண்டையும் ஒரே மேடையில் வைத்த நடுவர்களைக் கும்பிடத் தோன்றியது.

கதை தெரிந்திருக்கும். பத்து வயது சிஹிரோ, தாய் தகப்பனோடு புது ஊருக்கு வீடு மாறிப் போகிறாள். வழியில் ஆளில்லாத ஓரிடம். கிடந்த சாப்பாட்டைக் கேளாமல் தின்ற பெற்றோர் பன்றியாகிவிடுகிறார்கள். இந்த இடத்தில் நாங்கள் எல்லாரும் சிரித்தோம். பெரியாக்களை அகற்ற இதைவிட நல்ல வழி எந்தத் திரைக்கதையாசிரியருக்கும் கிடைத்திராது. பிறகு யுபாபா என்ற கிழவி வேலை கொடுக்கிறாள், கூலியாக அவளின் பேரைப் பிடுங்குகிறாள். சிஹிரோ 'சென்' ஆகிறாள். பேரை மறந்தால் வீட்டுக்குப் போகிற வழியும் மறந்துவிடும். அவளுக்கு உதவுகிற ஹாக்குவும் பேரைத் தொலைத்தவன்தான். அவன் உண்மையில் ஒரு ஆறு. அந்த ஆற்றை மூடி மேலே தொடர்மாடி கட்டிவிட்டார்கள்.

எங்களை அடித்துப்போட்டது இதுவும் இல்லை, கோச்சி. தண்ணிக்கு மேலே, ஒரு சத்தமும் இல்லாமல், ஓரிரு பெட்டியோடு ஒரு கோச்சி போகிறது. உள்ளே நிழல் மாதிரிச் சனம். ரிக்கற்றைக் கொடுக்கிற கமாஜித் தாத்தா நாற்பது வருசமாக அதை இலாச்சிக்குள் வைத்திருந்தவர். அவர் ஒன்று சொல்கிறார்: முந்தித் திரும்பிவாற கோச்சியும் ஓடினது, இப்ப போறது மட்டும்தான்.

அந்த இடத்தில் படத்தை நிறுத்தினோம். எங்கட வீடுகளில் யாழ்தேவியைப் பற்றிப் பெரியாக்கள் கதைப்பது அச்சொட்டாக இப்படித்தான். 1990இல் யாழ்ப்பாணத்துக்கு ஓடின கோச்சி நின்றது. நாங்கள் பிறக்கும்போது தண்டவாளமே இல்லை. இரும்பும் சிலிப்பர் கட்டையும் பங்கருக்குப் போயிற்று. மேடான ஒரு ஒழுங்கை மாதிரித்தான் கோச்சிப் பாதை எங்களுக்குத் தெரியும். 2014 ஒக்ரோபரில் திரும்ப யாழ்ப்பாணம் வரைக்கும் ஓடியபோது நாங்கள் பள்ளிக்கூடச் சட்டையோடு ஸ்ரேசனில் நின்று பார்த்தோம். எங்களுக்கு அது வேடிக்கை. பக்கத்தில் நின்ற கிழவர்கள் சிலர் அழுதார்கள், ஏனென்று அப்ப நாங்கள் கேட்கவில்லை. இலாச்சிக்குள் ரிக்கற்றை வைத்திருந்த தாத்தாக்கள் அவர்கள்.

இப்படியொரு மனநிலையோடுதான் 'ஸ்டாண்ட் பை மீ'க்கு வந்தோம். 1986, ரொப் ரைனர் இயக்கியது. ஸ்ரீபன் கிங்கின் 'த பொடி' என்ற குறுநாவல்தான் மூலம். தழுவல் திரைக்கதைக்காக ஒஸ்கார் பரிந்துரை மட்டும் கிடைத்தது, அந்த வருசம் விருதை 'எ ரூம் வித் எ வியூ' கொண்டுபோயிற்று. பட்டியலின் விதிப்படி பார்த்தால் இடிக்கும்தான், இருந்தாலும் விடுவதாக இல்லை.

1959, கோடை முடிகிற கிழமை, அமெரிக்காவின் ஒரேகன் மாநிலத்தில் ஒரு சின்ன ஊர். பன்னிரண்டு வயது மட்டில் நாலு பொடியள். நாவற்பழம் மாதிரி ஏதோ காட்டுப் பழம் பிடுங்கப் போய்க் காணாமல் போன ரே புரவர் என்ற பெடியனின் உடல் கோச்சிப் பாதைக்குப் பக்கத்தில் கிடக்கிறது என்று களவாய்க் கேள்விப்படுகிறார்கள். கண்டுபிடித்தால் பேப்பரில் படம் வரும். வீட்டில் பொய் சொல்லிவிட்டுத் தண்டவாளத்தைப் பிடித்து நடக்கிறார்கள். படம் முழுக்க இந்த நடைதான். பாலத்தில் பின்னால் கோச்சி வர விழுந்தடித்து ஓடுவது, குளத்துக்குள் இறங்கி அட்டை கடி வாங்குவது, இரவில் நெருப்பு மூட்டிக் கதை சொல்வது. ஒரு விடியற்காலை கோர்டி தனிய இருக்கும்போது ஒரு மான் வந்து நிற்கும். அவன் அதை மற்ற மூன்று பேருக்கும் சொல்லவே மாட்டான். சாகசப் படமொன்றில் இப்படி ஒரு சும்மா நிமிசத்தை வைக்கத் துணிவு வேண்டும்.

எங்களுக்குள் சண்டை வந்தது டெடியில். டெடியின் தகப்பன் இரண்டாம் உலகப்போரில் நோர்மண்டியில் இறங்கின ஆள். திரும்பி வந்து, சொந்தப் பிள்ளையின் காதை அடுப்பில் வைத்துச் சுட்டவர். ஆனால் பழைய இரும்புக் கடைக்காரன் தகப்பனை விசரன் என்று சொன்னதும் டெடி அழுது கத்திக்கொண்டு அவனை அடிக்கப் பாய்கிறான். "சுட்ட மனிசனுக்காக ஏன் அழுகிறான்" என்று எங்களில் ஒருவர் கேட்டார். இன்னொருவர் ஒன்றும் சொல்லாமல் எழும்பி வெளியே போனார். அவருடைய வீட்டிலும் போரிலிருந்து வந்த ஒருவர் இருக்கிறார். சண்டை அதோடு முடிந்தது.

ஒன்றைச் சொல்லத்தான் வேண்டும். செத்த உடலைப் பார்க்க நடந்துபோவது சாகசம் என்கிற அந்த யோசனையே முதலில் எங்களுக்குப் பிடிபடவில்லை. எங்களைவிட ஏழெட்டு வயது கூடின அண்ணா, அக்காமாருக்கு அதற்காக நடக்க வேண்டி இருக்கவில்லை. காட்டுக்குள் கால் வைப்பதும் அப்படித்தான், மண்டையோடு போட்ட சிவப்புப் பலகையைப் பார்த்து வளர்ந்த பிள்ளைக்குப் பற்றை என்றால் பற்றை மட்டும் இல்லை. ஆனால் படம் அந்தப் பொடியளை அங்கே கொண்டுபோய் நிறுத்தியதும் சத்தம் அடங்குகிறது. ரே புரவரின் சப்பாத்து காலில் இல்லை. தங்கட வயசுப் பெடியன். பேப்பரில் படம் வருகிற கதை அந்த இடத்திலேயே செத்துப்போகிறது. பெரிய பொடியள் வந்து உடலைத் தாங்கள் கொண்டுபோய்ப் பேர் எடுக்கப் பார்க்க, இவர்கள் விடவில்லை. தாங்களும் கொண்டுபோகவில்லை. கடைசியில் பேர் சொல்லாமல் பொலிசுக்கு ஒரு போன் மட்டும் போடுகிறார்கள்.

2025இல் செம்மணியில் தோண்டியபோது எலும்புகளோடு ஒரு பள்ளிக்கூடப் பையும் ஒரு விளையாட்டுப் பொம்மையும் வெளியே வந்தன. அந்தப் படங்களைப் பார்த்த கண்ணால்தான் நாங்கள் அந்தச் சப்பாத்தையும் பார்த்தோம். வேறு கண் எங்களிடம் இல்லை. படத்துக்கு இது நியாயமா என்று கேட்டால், இல்லைத்தான். ரொப் ரைனர் எங்களுக்காக எடுக்கவில்லை. அவர் எடுத்தது வளர்ந்து பெரிதாகி எழுத்தாளரான ஒருவர் தன்னுடைய பழைய கூட்டாளியை நினைக்கிற கதை. அந்த எழுத்தாளராக வருகிற ரிச்சர்ட் டிரைபஸ்தான் 'ஜோஸி'ல் சுறா ஆராய்ச்சியாளராக வந்தவர் என்பதைக் கண்டுபிடித்து ஒருவர் துள்ளிக் குதித்தார். கூட்டாளி கிறிஸாக நடித்த ரிவர் பீனிக்ஸ் 1993இல் இருபத்து மூன்று வயதில் செத்துப்போனார் என்று தெரிந்தபின் அந்தக் கடைசிக் காட்சியை இரண்டாந்தரம் பார்க்க ஏலாமல் போயிற்று.

வீட்டுக்கார அம்மா தேத்தண்ணி கொண்டுவந்தவர், தட்டைக் கையில் வைத்துக்கொண்டே கடைசி அரைமணித்தியாலத்தைப் பார்த்தார். இங்கிலீசு அவருக்கு முழுக்க விளங்காது, நாங்கள் இடைக்கிடை சொன்னோம். பெயர்கள் ஓடத் தொடங்கியதும் கேட்டார்:

"அந்தச் செத்த பிள்ளையின்ர தாய்க்கு ஆர் போய்ச் சொன்னது?"

ஒருவருக்கும் பதில் தெரியவில்லை. மடிக்கணினியைத் திரும்ப இழுத்து, போன் பேசின இடத்திலிருந்து இன்னொருதரம் தேடினோம். கோர்டியின் வீடு வருகிறது, கிறிஸ் தெருவில் போகிறான், மற்ற இருவரும் தங்கட வீடுகளுக்குப் போகினம். அந்தத் தாய் படத்தில் எங்கேயும் இல்லை. "இல்லை அம்மா, காட்டேல்லை" என்று சொன்னோம். அவர் தேத்தண்ணி ஆறிப்போச்சு என்று கோப்பைகளைத் திரும்ப உள்ளே எடுத்துக்கொண்டு போனார்.