வேர் பார்த்து வைத்த மரம்

மார்ச் 15, 2025, சனி
கோயிலைச் சுற்றி மரம் வைக்கும் பொறுப்பைக் கமிட்டி என் தலையில் கட்டியிருக்கிறது. ஒருவருக்கு நிழல் வேண்டும், ஒருவருக்குப் பூ வேண்டும். வேரைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. காலையில் மண்வெட்டியோடு போய் முழங்கால் ஆழம் தோண்டினேன். அடியில் சாம்பல் நிறக் களி. கொஞ்ச நேரத்தில் தண்ணீர் ஊறி நின்றது. நிபோங் திபால் பக்கத்துத் தாழ்நிலம் இப்படித்தான். வேருக்கும் காற்று வேண்டும். தண்ணீர் தேங்கும் மட்டத்துக்குக் கீழே பெரும்பாலான மரங்கள் வேர் விடாது.

மார்ச் 16, ஞாயிறு
பெரியப்பா வந்தார். பால்மரம் வெட்டிய கை. "ஆணிவேர் மரமா பாத்து வைய்யா, காத்துல சாயாது" என்றார். மேட்டு நிலத்துக்கு அது சரி. இங்கே ஆணிவேர் தண்ணீரைத் தொட்டதும் நின்றுவிடும். பிறகு மரம் பக்கவேரை நம்பித்தான் நிற்கும். நல்ல மண்ணில்கூட மரத்தின் பெரும்பாலான வேர்கள் மேல் ஒரு மீட்டருக்குள்தான், கிளைப் பரப்பையும் தாண்டி ஓடுகின்றன. "எதிர்ல நிக்கிற செம்பனைக்கு ஆணிவேரே கிடையாதே பெரியப்பா" என்றேன். சிரித்துக்கொண்டே வெற்றிலையை மடித்தார். செம்பனையின் சல்லிவேர் மரவேர் மாதிரி வருடா வருடம் பருப்பதுமில்லை, அதனால் சிமெண்டைப் பெயர்க்காது.

மார்ச் 22, சனி
ஜார்ஜ்டவுனில் வேலை. கண் முழுக்க நடைபாதையில்தான். அங்சானா நிற்கும் இடமெல்லாம் கல் மேலே எழும்பியிருக்கிறது. நம் வேங்கைக்கு உறவுதான் அங்சானா. தடித்த கிளையை வெட்டி நட்டாலே பிழைத்துக்கொள்ளும். அப்படி வளர்ந்ததற்கு ஆணிவேர் எங்கிருந்து வரும்? போன வருடம் மே 7ல் கோலாலம்பூர் ஜாலான் சுல்தான் இஸ்மாயிலில் பெரிய மரம் சாய்ந்து ஓர் உயிர் போனது. சுற்றிலும் தாரும் சிமெண்டும் பூசிவிட்டால் வேர் எங்கே போய்ப் பிடிக்கும்?

ஏப்ரல் 5, சனி
ஹரி ராயா முடிந்து நர்சரி திறந்திருந்தது. பூத்துக் குலுங்கும் கன்றைத்தான் முதலில் நீட்டினார்கள். பையைக் கழற்றச் சொன்னேன். வேர் முறுக்குப் போல வட்டமாகச் சுற்றிக் கிடந்தது. அதை அப்படியே நட்டால் வருடங்கள் கழித்துத் தன் அடிமரத்தையே நெரிக்கும். வேண்டாம் என்றேன். சின்னதாக, வேர் நேராக இருந்த கன்றுகளை எடுத்தேன். விலையும் பாதி.

ஏப்ரல் 14, திங்கள்
புத்தாண்டு நல்ல நாள் என்று இன்றே நட்டோம். திறந்த பக்கம் புன்னை. கடலோர மரம், அவசரமில்லாமல் வளரும். 1786ல் பிரான்சிஸ் லைட் இறங்கிய தஞ்சோங் பெனாகாவுக்கு இந்த மரத்தின் மலாய்ப் பேர்தான். ஈரம் நிற்கும் மூலைக்கு நாவல். லோங்காங் (வடிகால்) ஓரம் வெட்சியும் செம்பருத்தியும் மட்டும். சுவரோரம் கறிவேப்பிலை கேட்டார்கள். அது வேரிலிருந்து கன்று விட்டுக்கொண்டே போகும், சமையல்கட்டுப் பின்னால் தனியாக வைத்தேன். ஒருவர் ஆசையாக அரசங்கன்று கொண்டுவந்தார். கும்பிட வேண்டிய மரம்தான், ஆனால் கோயில் சுவரிலிருந்து பத்தடியில் இல்லை. கொஞ்சம் மனத்தாங்கல்.

பழைய செம்பனைக் கட்டை கிடக்கும் மூலையைச் சும்மா விட்டிருக்கிறோம். அந்தக் கட்டையில் கானோடெர்மா காளான் பூத்திருக்கிறது. அது வேர்வழியாகப் பனை இனத்துக்குப் பரவும் நோய். கட்டையை வேரோடு தோண்டி எடுக்கும்வரை அங்கே தென்னையோ பாக்கோ வைக்கக்கூடாது என்று கமிட்டி நோட்டில் எழுதிக் கையெழுத்தும் வாங்கியாயிற்று.