எடுத்த கால்
(இரண்டாம் ஆண்டு பி.எஸ்சி. இயற்பியல் மாணவி)

நாட்டியம் காற்றில் எழுதும் எழுத்து. ஆடி முடித்த மறுகணமே அழிந்துவிடும். அதைப் படச்சுருளில் பிடித்துவைக்க முயன்றவர் பலர். ஆனால் மேடைக்கு எதிரே காமிராவை நிறுத்திப் படமெடுப்பது வேறு. காமிரா இல்லாமல் ஆடவே முடியாத ஓர் ஆட்டத்தைப் படைப்பது வேறு. இரண்டாவதைச் செய்தவர் மாயா டெரன் என்ற பெண்மணி.

1917-இல் கீவ் நகரில் பிறந்து, சிறுவயதிலேயே பெற்றோருடன் அமெரிக்கா சென்றவர் அவர். கேத்தரின் டன்ஹாம் என்ற நடனக் கலைஞரிடம் செயலாளராக இருந்தார். தந்தை விட்டுச்சென்ற பணத்தில் பழைய போலெக்ஸ் காமிரா ஒன்றை வாங்கினார். டன்ஹாம் குழுவில் ஆடிய டாலி பீட்டி என்ற கறுப்பினக் கலைஞரைக் கொண்டு, 1945-இல் ‘எ ஸ்டடி இன் கோரியோகிராபி ஃபார் காமிரா’ என்ற படத்தை எடுத்தார். சுமார் மூன்று நிமிடப் படம். பேச்சில்லை, இசையில்லை. ஆடுபவரும் ஒருவரே.

காட்டின் நடுவே பீட்டி ஒரு காலை மெல்ல உயர்த்துகிறார். அந்தக் கால் கீழே ஊன்றும்போது அவர் நிற்பது ஒரு வீட்டின் அறையில்! அங்கிருந்து அருங்காட்சியகத்தின் நெடிய மண்டபத்துக்கு. மெதுவாகத் தொடங்கும் சுழற்சி, உருவமே கலங்கும் வேகத்தை எட்டுகிறது. இறுதியில் ஒரு தாவல். தரைக்குத் திரும்ப மனமில்லாதது போன்ற தாவல்.

இயற்பியல் படிப்பவள் என்பதால் கணக்குப் போட்டுப் பார்த்தேன். அரை மீட்டர் உயரம் எழும்புபவர் காற்றில் இருப்பது முக்கால் நொடிக்கும் குறைவு. ஆனால் நொடிக்கு 48 படங்கள் எடுத்து, 24 படங்களாகத் திரையிட்டால் இயக்கம் பாதி வேகமாகிறது. அத்தகைய துண்டுகள் சிலவற்றை ஒட்டினால் தாவல் நீள்கிறது. புவியீர்ப்பை யாரும் வெல்லவில்லை. காலத்தைத்தான் இழுத்து நீட்டியிருக்கிறார்கள். இந்த ஆட்டத்தை இப்படத்தில் அன்றி வேறெங்கும் ஆட இயலாது என்று டெரன் கருதியது இதனால்தான்.

1945-இல் அமெரிக்காவின் தென் மாநிலங்களில் கறுப்பின மக்களுக்குத் தனி வாசல், தனி இருக்கை என்று சட்டமே இருந்தது. அந்நாளில் ஒரு கறுப்பின மனிதர் ஓரடியில் காட்டையும் வீட்டையும் மண்டபத்தையும் கடக்கிறார். எனக்கு அது வெறும் படத்தொகுப்பு வித்தையாகத் தோன்றவில்லை.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். வயல் வரப்பில் நடந்த கால், இன்று ஆய்வகத்தில் நிற்கிறது. படத்தில் இடைப்பட்ட தூரத்தைக் கத்தரித்துவிடலாம். வாழ்க்கையில் அந்தத் தூரம் அம்மாவின் நடவுக் கூலி. அப்பா கடன் கேட்டு ஏறி இறங்கிய திண்ணைகள். அவற்றைக் கத்தரிக்க எனக்கு உரிமையில்லை.

டெரன் 1961-இல், 44 வயதில் மறைந்தார். அவர் எடுத்த அந்த மூன்று நிமிடங்கள் வாழ்கின்றன. நண்பர்களே, ஒருமுறை பாருங்கள். காலைத் தூக்கும் துணிவு நம்முடையதாகட்டும். ஊன்ற இடம் தருவது சமுதாயத்தின் கடமையாகட்டும்.