தீயை நம்பி வாழும் பாம்பு

கான்சாஸ் சிட்டியிலிருந்து தென்மேற்கே காரில் இரண்டு மணி நேரம் போனால் ஃபிளின்ட் ஹில்ஸ் புல்வெளி வந்துவிடும். ஒரு காலத்தில் வட அமெரிக்காவின் நடுவே 17 கோடி ஏக்கரில் பரந்திருந்த உயர்புல் சமவெளியில் இன்று நூற்றுக்கு நான்கு பங்குகூட மிஞ்சவில்லை. மிஞ்சியதில் பெரும்பகுதி இங்கேதான் இருக்கிறது. 1837-ல் இல்லினாய் மாநிலத்தில் ஜான் டீர் எஃகுக் கலப்பை செய்தபிறகு மற்ற நிலமெல்லாம் மக்காச்சோளக் கொல்லையாயிற்று. இங்கே மேல்மண்ணுக்கு அடியிலேயே சுண்ணாம்புப் பாறையும் சக்கிமுக்கிக் கல்லும் கிடந்ததால் ஏர் இறங்கவில்லை. ஸ்ட்ராங் சிட்டிக்கு வடக்கே 1996-ல் அமைந்த தேசியப் புல்வெளிக் காப்பகத்துக்கு வருகிறவர்களின் கண் பைசன் எருமைகளைத் தேடுகிறது. இந்த நிலத்தைப் புரிந்துகொள்ள, காலடியில் மறைந்திருக்கும் பிரெய்ரி கிங்ஸ்நேக் என்ற பாம்பே நல்ல வழிகாட்டி என்பது என் எண்ணம். இயற்கையைத் தொடாமல் விட்டாலே அது பிழைத்துக்கொள்ளும் என்ற நம்பிக்கை இந்த மண்ணில் செல்லாது. அதற்கு இந்தப் பாம்பின் வாழ்க்கையே சான்று.

பெயரில் ‘கிங்’ இருந்தாலும் ராஜநாகத்துக்கு இது உறவில்லை, விஷமும் இல்லை. வளர்ந்த பாம்பு பெரும்பாலும் இரண்டரை அடியிலிருந்து மூன்றரை அடி நீளம் இருக்கும். சாம்பல் கலந்த பழுப்பு உடம்பு, வழவழப்பான செதில்கள், முதுகு நெடுகக் கறுப்பு ஓரம் கட்டிய செம்பழுப்புத் திட்டுகள். காய்ந்த புல்லில் கிடந்தால் கண்ணுக்குத் தட்டுப்படாது. எலி, பல்லி, தவளை, சில சமயம் வேறு பாம்புகள் என்று கிடைத்ததைச் சுற்றி நெரித்துத் தின்னும். கோடையின் தொடக்கத்தில் முட்டையிடும். ஆகஸ்ட், செப்டம்பரில் குஞ்சுகள் வெளிவரும். ஆனால் தன் காலத்தில் பெரும்பகுதியை அது தரைக்குக் கீழேதான் கழிக்கிறது. எலியும் மற்றச் சிறு விலங்குகளும் தோண்டிய வளைகளே அதற்கு வீடு, வேட்டைக்களம், ஒளிவிடம் எல்லாம். வளை வேண்டுமென்றால் எலி வேண்டும். வயலெலி பெருக அடர்ந்த புல் வேண்டும். புல் நிற்க வெயில் வேண்டும். மரநிழல் விழுந்தால் இந்த வரிசை முழுவதும் குலைந்துபோகும்.

நிழல் விழ இங்கே வாய்ப்பு அதிகம். ஆண்டுக்கு 800 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்யும் இடம் இது. மரம் வளர அது தாராளம். மின்னல் வைத்த தீயும், பூர்வகுடிகள் மூட்டிய தீயும், எருமைகளின் மேய்ச்சலும்தான் மரங்களை அண்டவிடாமல் வைத்திருந்தன. இவை நின்றுபோனால் என்ன ஆகும் என்பதை லாரன்ஸ் நகருக்கு அருகிலுள்ள கான்சாஸ் பல்கலைக்கழகத்தின் காப்பு நிலம் காட்டுகிறது. 1948-ல் ஊர்வன ஆய்வாளர் ஹென்றி ஃபிட்ச் அங்கே பொறுப்பேற்றார், மேய்ச்சல் நிறுத்தப்பட்டது. அரை நூற்றாண்டு அவர் பாம்புகளைப் பிடித்து, அளந்து, அடையாளமிட்டு விட்டார். 1978-ல் இந்தக் கிங்ஸ்நேக்கைப் பற்றித் தனி ஆய்வே வெளியிட்டார். அவர் பார்த்திருக்கவே புல்வெளி புதராகி, புதர் காடாகியது. திறந்த வெளியை நம்பிய ஊர்வன குறைந்துகொண்டே போயின. அவற்றை யாரும் வேட்டையாடவில்லை. பாதுகாப்பில் குறை இல்லை. அவற்றுக்கு உரிய இடம்தான் இல்லாமற்போனது. கான்சாஸ் மாநிலத்து மான்ஹாட்டன் நகரை ஒட்டிய கொன்சா ஆய்வு நிலையத்திலும் இதே பாடம்தான்: ஆண்டுதோறும் எரித்த பகுதிகளில் புல் நிற்கிறது, நெடுங்காலம் எரிக்காமல் விட்ட பகுதிகளைப் புதர் மூடியிருக்கிறது.

தீ வைத்தால் பாம்பும் வெந்துபோகுமே என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. புல்தீ வேகமாகக் கடந்துவிடும். சில அங்குல ஆழத்தில் மண் சூடாவதே குறைவு. வளைக்குள் இருக்கும் பாம்பு தப்பிவிடும். வெளியே வந்தபின் எரித்தால் ஆபத்துதான். ஆகவே அவை வெளிவருமுன் எரிப்பதும், முழு நிலத்தையும் ஒரே ஆண்டில் எரிக்காமல் துண்டு துண்டாக எரிப்பதும் அவசியம். மேய்ச்சல் நிலத்திலும் வயலோரத்திலும் இது வாழ்கிறதே, இயற்கைப் புல்வெளி எதற்கு என்பது அடுத்த வாதம். வாழ்கிறது, உண்மை. ஆனால் அங்கும் அது ஒண்டியிருப்பது புல் மிஞ்சிய கீற்றுகளில்தான். வரப்போரம்வரை உழுதுவிட்டால் அதுவும் போய்விடும். தரையில் கூடு கட்டும் பறவைகளின் முட்டையைத் தின்கிறதே என்ற கவலையும் உண்டு. தின்பது மெய். எனினும் அந்தப் பறவைகளைக் குறைத்ததில் பெரும்பங்கு புல்வெளியை இழந்ததற்கே. பறவைக்கும் பாம்புக்கும் தேவை ஒரே நிலம்.

மனிதனின் பயம் தனிக்கதை. இந்தப் பாம்பு மிரண்டால் வாலை நடுக்கும். சருகில் பட்டு அது சலசலக்கும். உடனே விஷப்பாம்பு என்று அடித்துவிடுகிறார்கள். காப்பர்ஹெட் விரியனின் பட்டைகள் முதுகில் ஒடுங்கி விலாவில் அகலும். இதன் பெரிய திட்டுகள் முதுகோடு நிற்கும். இதைக் குனிந்து ஆராய வேண்டியதில்லை. எதுவானாலும் நாலடி விலகி நடந்தால் இருவருக்கும் நல்லது. அடிக்காமல் விடுவது நம் கடமையின் தொடக்கம் மட்டுமே. மார்ச், ஏப்ரலில் இந்தப் பக்கம் வருகிறவர்கள் கருகிய குன்றுகளை அழிவு என்று எண்ணிவிட வேண்டாம். நிலத்தை வாங்கி வேலி போடச் செலவிடும் பணத்தில் ஒரு பங்கு, பக்குவம் பார்த்துத் தீ வைக்கத் தெரிந்த கைகளுக்கும் போய்ச் சேர வேண்டும்.