பின்கதுப்பு

உடற்கூறியல் கூடம். காலை 9 மணி. மின்விசிறி சுற்றுகிறது, ஃபார்மலின் நெடி அசைவதில்லை. ஏழாம் மேஜையில் மண்டையோட்டின் மேல்பாதி தேங்காய் மூடி போலக் கழற்றி வைக்கப்பட்டிருக்கிறது. மூளை, பக்கத்து நீல வாளியில்.

மண்டையின் தரையில், நட்டநடுவே, ஸ்பீனாய்டு எலும்பில் ஒரு சின்னப் பள்ளம். பெயர் செல்லா டர்சிகா. துருக்கிச் சேணம். குதிரை கிடையாது. சேணத்தில் உட்கார்ந்திருப்பது ஒரு பட்டாணி. பிட்யூட்டரி சுரப்பி. எடை அரை கிராம்.

மூளையை வெளியே எடுக்கும்போது காம்பு அறுபடுகிறது. மூளை வாளிக்குப் போகிறது. பட்டாணி குழியிலேயே தங்கிவிடுகிறது.

பேராசிரியையின் இடுக்கி அதன் பின்பக்கத்தில் நிற்கிறது. பன்னிரண்டு தலைகள் குனிகின்றன. ஒரு மாணவியின் மூக்குக் கண்ணாடி வழுக்குகிறது. கையுறை முழுக்க ஈரம். தோளால் இடித்து ஏற்றிக்கொள்கிறாள்.

"முன்பக்கம், கருவுல வாய்க்கூரையிலேர்ந்து மேல ஏறினது. பின்பக்கம், மூளையிலேர்ந்து கீழ இறங்கினது. இங்க வந்து ஒட்டிக்கிச்சு."

"பின்பக்கம் என்ன தயாரிக்கும் மேடம்?"

"ஒண்ணும் தயாரிக்காது. வாங்கி வச்சிருக்கும்."

நோட்டில் 'ஸ்டோரேஜ்' என்ற சொல்லின் கீழ் இரண்டு கோடுகள் விழுகின்றன.

நுண்ணோக்கி அறை. ஒரு கண் மூடியிருக்கிறது. முன்கதுப்பை வரைய ரோஸ், நீலம், ஊதா என்று கலர் பென்சில்கள் தேய்கின்றன. பின்கதுப்புக்கு வெளிர் ரோஸ் ஒன்றே போதும். நரம்பிழைகள், இடையிடையே அவற்றுக்குத் துணை செல்கள். சரக்கு மேலே, ஹைப்போதலாமஸில் தயாராகிறது. காம்பு வழியே இழைகளுக்குள் இறங்குகிறது. முனைகளில் உருண்டை உருண்டையாகத் தேங்கிக் கிடக்கிறது, மேலிருந்து தகவல் வரும்வரை.

அவை ஹெர்ரிங் உருண்டைகள். 1908இல் அவற்றை விவரித்தவர் பெர்சி ஹெர்ரிங். ஒரு மாணவன் உருண்டைக்கு மீன் வால் வைக்கிறான். சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு அழிக்கிறான்.

சரக்கு இரண்டே வகை. ஆக்ஸிடோசின், வாசோபிரஸ்ஸின். ஒவ்வொன்றிலும் ஒன்பது அமினோ அமிலங்கள். ஏழு பொது, இரண்டு வேறு. முதலாவது பிள்ளைக்கும் பாலுக்கும். அடுத்தது தண்ணீருக்கு.

பிரசவ வார்டு. குளிர்சாதனப் பெட்டியின் மேல் தட்டில் ஆக்ஸிடோசின் ஆம்பூல்கள். கீழ்த் தட்டில் யாருடையதோ தயிர் சாதம். டிரிப்ஸ் பாட்டிலில் 5 யூனிட் கலக்கிறார்கள். 1906இல் லண்டனில் ஹென்றி டேல், பிட்யூட்டரியின் சாறு பட்டதும் பூனையின் கருப்பை சுருங்குவதைப் பார்த்தார். அமெரிக்காவில் வின்சென்ட் டு வின்யோ அந்தச் சரக்கை ஆய்வகத்திலேயே செய்து காட்டினார். 1955இல் நோபல் பரிசு. இங்கே சிஸ்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்துச் சொட்டுகளை எண்ணுகிறார். சக்கரத்தைக் கால் சுற்று திருகுகிறார். மீண்டும் எண்ணுகிறார்.

வெளியே பெஞ்சில் ஒரு ஃபிளாஸ்க், இரண்டு பாட்டிகள். கதவு திறக்கும்போதெல்லாம் இருவரும் எழுகிறார்கள்.

பிள்ளை பெற்றவர்கள் வார்டு. மதியம். 11ஆம் கட்டிலில் குழந்தை அழுகிறது. 14ஆம் கட்டிலில் ஒருத்தியின் ரவிக்கை நனைகிறது. அவள் குழந்தை தூங்கிக்கொண்டிருக்கிறது. முந்தானையை இழுத்துவிடுகிறாள். ஈரம் முந்தானைக்கும் வருகிறது.

ஜன்னலோரம் இன்னொருத்தி. அவள் கட்டிலில் குழந்தை இல்லை. எடை குறைந்து பிறந்ததால் மாடியில், கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறது. கையில் எவர்சில்வர் கிண்ணம். பிழிகிறாள். கிண்ணத்தின் அடி தெரிகிறது. தலையணையில் செல்போனைச் சாய்த்து வைக்கிறாள். திரையில் குழாய் மாட்டிய ஒரு சின்ன முகம். ஒளி மங்கும்போது விரலால் தொட்டுத் தொட்டு எழுப்புகிறாள். நான்காவது முறை எழுப்பும்போது கிண்ணத்தில் சத்தம் கேட்கிறது.

ஊர் ஓரத்தில் ஒரு தொழுவம். விடியற்காலை. பால்காரர் தோளிலிருந்து கன்றை இறக்கி வைக்கிறார். வைக்கோல் அடைத்த தோல். கால்களுக்குப் பதில் மூங்கில் குச்சிகள். ஒரு காது இல்லை. பசு முகர்கிறது. நக்குகிறது. கழுத்துப் பக்கம் முடியெல்லாம் போய்ப் பளபளக்கிறது. அத்தனை நாள் நக்கியிருக்கிறது. பால்காரர் மடியைத் தண்ணீர் அடித்து நீவிக் காத்திருக்கிறார். ஒரு நிமிடம். காம்புகள் விம்முகின்றன. வாளியில் முதல் பீச்சு விழுகிறது.

இரண்டு வீடு தள்ளி வைக்கோல் கன்றும் கிடையாது. ஆக்ஸிடோசின் ஊசி. 1960ஆம் ஆண்டின் விலங்குவதைத் தடுப்புச் சட்டம் பாலுக்காக ஊசி போடக் கூடாது என்கிறது. சாணக் குழியில் கண்ணாடிக் குப்பிகள் மின்னுகின்றன.

இரவு, டாஸ்மாக் பின்சுவர். சாராயம் உள்ளே போனதும் வாசோபிரஸ்ஸின் கதவு சாத்திக்கொள்கிறது. சிறுநீரகம் தண்ணீரைப் பிடித்து வைப்பதில்லை. 'இங்கு சிறுநீர் கழிக்காதீர்' என்ற எழுத்துகளில் கடைசி இரண்டு ஏற்கெனவே கரைந்துவிட்டன. வரிசையில் நால்வர்.

நரம்பு அறுவை வார்டு. மூக்கு வழியே பிட்யூட்டரிக் கட்டி எடுத்த இரண்டாம் நாள். தலையில் ஒரு தையல்கூட இல்லை. மூக்கில் பஞ்சு. கட்டிலுக்கடியில் கோடு போட்ட பிளாஸ்டிக் குடுவை. மனைவியின் மடியில் நாற்பது பக்க நோட்டு. இடப்பக்கம் 'குடிச்சது'. வலப்பக்கம் 'போனது'.

1.10 – 600. 1.50 – 550. 2.40 – 700.

நிறம் என்ற இடத்தில் 'தண்ணி மாதிரி' என்று முதல் வரியில் எழுதியிருக்கிறாள். அதன் கீழே எல்லா வரியிலும் இரட்டைப் புள்ளி. அவர் மறுபடியும் பாட்டிலுக்குக் கை நீட்டுகிறார். வார்டு குழாய்க்கும் கட்டிலுக்கும் அவள் நடக்கிறாள்.

சிஸ்டர் சோடியம் ரிப்போர்ட்டைப் பார்க்கிறார். டாக்டருக்குப் போன் போகிறது. டெஸ்மோபிரஸ்ஸின், வாசோபிரஸ்ஸினுக்கு மாற்று. சட்டைப் பொத்தானைவிடச் சிறிய மாத்திரை. அது உள்ளே போகிறது.

3.30 – 400. 5.00 – 150.

அடுத்த வரியில் 6.15 என்று மணி மட்டும் இருக்கிறது. அவர் வாய் திறந்து தூங்குகிறார். பாட்டில் நிறைந்திருக்கிறது. அவள் குடுவையைக் கழுவிக் கவிழ்த்து வைக்கிறாள். திரும்ப வந்து உட்காருகிறாள். பேனாவை மூடவில்லை.